கடைசித் தவணையின் தேதி

2025 பிப்ரவரி 7, வெள்ளி

இரவுச் செய்தியில் ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ வட்டியை 6.50 சதவீதத்திலிருந்து 6.25 ஆக்கிவிட்டது என்றார்கள். கிட்டத்தட்ட ஐந்து வருடம் கழித்து இப்போதுதான் குறைக்கிறார்கள். இவர் தோசையைப் பிய்த்துக்கொண்டே, "நமக்கு எவ்வளவு குறையும்?" என்று கேட்டார். தெரியவில்லை. "சரி, கடன் இன்னும் எவ்வளவு பாக்கி?" அதுவும் தெரியவில்லை. மாதா மாதம் 5-ஆம் தேதி கணக்கிலிருந்து 32,574 ரூபாய் போகும். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

ஒன்பதரைக்குத் தம்பி போன் செய்தான். பெரும்பாக்கத்தில் ஒரு பழைய ஃபிளாட் பார்த்திருக்கிறானாம், 75 லட்சம். வங்கி 60 லட்சம் தரத் தயாராம். "இ.எம்.ஐ. கட்டிடலாம்க்கா, நீயும் கட்டிக்கிட்டுதானே இருக்க?" என்றான். ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து எங்கள் கணக்கைப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றேன்.

பிப்ரவரி 9, ஞாயிறு

கடன் கணக்கின் ஸ்டேட்மென்ட்டை ஆரம்பத்திலிருந்து இறக்கி, மகளின் பழைய நோட்டில் கோடு போட்டு எழுதினேன். மதியச் சமையல் தாமதமாகிவிட்டது.

2022 ஜனவரியில் வாங்கிய கடன் 40 லட்சம். ராஜகீழ்ப்பாக்கத்தில் இரண்டாம் மாடி, 780 சதுர அடி. வட்டி அப்போது 6.75 சதவீதம், 20 வருடம், தவணை 30,415. எல்லாம் சேர்த்து 73 லட்சம் கட்டினால் 2042 ஜனவரியில் முடியும். கையெழுத்துப் போட்ட அன்று மனதில் பதிந்த கணக்கு இதுதான். இத்தனை நாளும் அதையே நம்பிக்கொண்டிருந்தேன்.

இதுவரை 37 தவணை போயிருக்கிறது. நாங்கள் கட்டியது 11,72,853 ரூபாய். பாக்கி இருக்கும் அசல் 38,72,069.

மூன்று முறை கூட்டிப் பார்த்தேன். பதினொன்றே முக்கால் லட்சம் கட்டியிருக்கிறோம், கடன் குறைந்தது ஒன்றே கால் லட்சத்துக்குச் சற்று மேல். மீதி பத்தரை லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு, அத்தனையும் வட்டி.

அப்புறம்தான் ஒவ்வொரு மாதமாக அசல் பகுதியை மட்டும் படித்தேன். முதல் தவணையில் அசலுக்குப் போனது 7,915 ரூபாய். 2023 ஏப்ரலில் 955 ரூபாய். முப்பதாயிரம் கட்டிய மாதத்தில் தொள்ளாயிரத்துச் சொச்சம்! காரணம் புரிந்துகொள்ள எனக்கு ஒரு மணி நேரம் ஆனது. வங்கி முதலில் பாக்கி அசலுக்கு அந்த மாத வட்டியை எடுத்துக்கொள்ளும். மிஞ்சியதுதான் அசலில் கழியும். எங்களுடையது ரெப்போவோடு சேர்ந்து ஏறி இறங்கும் ஃப்ளோட்டிங் வட்டி. நாங்கள் வாங்கியபோது ரெப்போ 4 சதவீதம். 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ஆறு தடவை ஏற்றி 6.50-க்குக் கொண்டுபோனார்கள். எங்கள் வட்டி 6.75-லிருந்து 9.25 ஆனது. தவணை அப்படியே இருந்ததால் ஏறிய வட்டியெல்லாம் அசலின் பங்கைத் தின்றுவிட்டது. பழைய தவணையே தொடர்ந்திருந்தால் அடுத்த மாதம் அசலுக்கு 144 ரூபாய்தான் போயிருக்கும்.

அந்த மாதம்தான் தவணையை 32,574 ஆக்கியிருக்கிறார்கள். குறுஞ்செய்தி வந்தது ஞாபகம் இருக்கிறது. இரண்டாயிரம் சொச்சம்தானே, சமாளித்துக்கொள்ளலாம் என்று இவரும் நானும் பேசிக்கொண்டோம்.

கடைசிப் பக்கத்தின் அடியில் ஒரு தேதி இருந்தது. கடைசித் தவணை: 05.01.2052.

பத்து வருடம் கூடியிருக்கிறது. இவருக்கு இப்போது 38. கம்பெனியில் 58 வயதில் ஓய்வு. 2052-இல் 65 ஆகியிருக்கும். இன்று ஒன்பது வயதான மகளுக்கு அப்போது 36. இதே வட்டியில் அதுவரை கட்டினால் மொத்தம் 1 கோடியே 17 லட்சம் வருகிறது. 73 லட்சம் என்று நினைத்திருந்த இடத்தில்.

இவரிடம் நோட்டைக் காட்டினேன். ரொம்ப நேரம் பேசவில்லை.

பிப்ரவரி 15, சனி

தாம்பரத்தில் இருக்கும் கிளைக்குப் போனோம். கவுன்ட்டரில் இருந்த பெண் பொறுமையாகவே விளக்கினாள். வட்டி ஏறியபோது தவணையை அதிகம் ஏற்றினால் மக்களால் கட்ட முடியாது என்று தவணைக்காலத்தை நீட்டினார்களாம். மின்னஞ்சலில் தகவல் அனுப்பினார்களாம். தேடிப் பார்த்தோம், வந்திருந்தது. ஆறு பக்கம். ஆனால் உங்களுக்குப் பத்து வருடம் கூடுகிறது, சம்மதமா என்று யாரும் கேட்கவில்லை. இது எனக்கு இன்னும் ஆறவில்லை. இரண்டாயிரம் ரூபாய் கூடுவதைக் குறுஞ்செய்தியில் சொல்கிறவர்கள், பத்து வருடத்தை ஆறு பக்கத்துக்குள் வைத்து அனுப்பலாமா?

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கென்றே ஒரு விதி போட்டிருக்கிறது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி, இன்னும் எத்தனை தவணை என்று கணக்கு கொடுக்க வேண்டும். எங்களுக்கு நீட்டியது அதற்குச் சில மாதம் முந்தி. இருந்தாலும் இப்போது நாமே எழுதிக் கேட்கலாம். "வட்டி குறைந்தாலும் தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று அங்கேயே எழுதிக் கொடுத்து, முத்திரை வைத்த நகல் வாங்கிக்கொண்டோம்.

கிளையில் இருந்த இன்னொருவர், "வரிச் சலுகை இருக்கே சார், வீட்டுக்கடன் நல்லதுதான்" என்றார். பழைய வருமான வரி முறையில் சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம். 20 சதவீத வரி கட்டுகிறவர் அந்த 2 லட்சத்தையும் வட்டியாகக் கட்டினால் செஸ் என்ற கூடுதல் வரியோடு சேர்த்து மிஞ்சுவது 41,600. இவர் புதிய முறைக்கு மாறிவிட்டார், அதில் அந்தக் கழிவே கிடையாது. சலுகைக்காகக் கடன் வைத்துக்கொள் என்று யாராவது சொன்னால் இனி நம்ப மாட்டேன்.

மார்ச் 2, ஞாயிறு

தம்பி வந்திருந்தான். கையில் வங்கி கொடுத்த கே.எஃப்.எஸ். தாள், கடனின் முக்கிய விவரங்களை ஒரே இடத்தில் சொல்வது. போன அக்டோபரிலிருந்து வீட்டுக்கடன் உட்பட எல்லாச் சில்லறைக் கடனுக்கும் இதைக் கொடுத்தாக வேண்டும், அதுவும் வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில். இவன் ஆங்கிலத்தில் வாங்கி, மடித்தபடியே வைத்திருந்தான்.

60 லட்சம், 8.5 சதவீதம், 30 வருடம், தவணை 46,135.

"இதையே 20 வருஷத்துக்குப் போட்டா?" என்று கேட்டேன்.

"52,069. மாசம் ஆறாயிரம் கூட வருது, அதான் முப்பது போடச் சொன்னாங்க."

நோட்டை அவன் பக்கம் திருப்பி வைத்தேன். 30 வருடத்துக்கு மொத்தம் 1 கோடியே 66 லட்சம். 20 வருடத்துக்கு 1 கோடியே 25 லட்சம். மாதம் ஆறாயிரம் குறைத்ததற்கு 41 லட்சம் கூடுதல்.

தாளில் இன்னொரு வரி இருந்தது. கடனோடு சேர்த்து ஒரு காப்பீடு, ஒரே பிரீமியம் 1,80,000, அதையும் கடனிலேயே ஏற்றிவிடுவார்கள். கையிலிருந்து போகாததால் அவன் கண்டுகொள்ளவில்லை. 30 வருட வட்டியோடு அந்த 1,80,000 கிட்டத்தட்ட 5 லட்சமாகிறது. காப்பீடு வேண்டும்தான், குடும்பத்தில் ஒருவர் சம்பாத்தியத்தில் ஓடுகிற வீட்டுக்குக் கட்டாயம் வேண்டும். தனியாக டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்கான உயிர்க் காப்பீடு) எடுத்துக்கொள், கடனில் ஏற்றாதே என்றேன்.

"வாடகை 22,000 கொடுக்கறேன்க்கா. மூணு வருஷத்துல ரெண்டு வீடு காலி பண்ணிட்டேன். இன்னொரு தடவை பாத்திரத்தை மூட்டை கட்ட இவளால முடியாது."

அவன் சொல்வது நியாயம். வாடகை வீட்டில் சுவரில் ஆணி அடிக்கக் கேட்டு நின்ற நாட்கள் எனக்கும் உண்டு. வீடு வாங்காதே என்று நான் சொல்லவில்லை. எவ்வளவு வங்கி தரும் என்று பார்க்காமல், 20 வருடத்துக்குள் கட்ட முடிகிற தொகை எது என்று பார்த்து, அதற்குத் தக்க வீடு தேடு என்றேன். முப்பது வருடம் போட்டுவிட்டு இடையில் கூடுதலாகக் கட்டி முடித்துவிடலாம் என்று வாதிட்டான். முடியும்தான். ஆனால் பள்ளிக் கட்டணம், ஆஸ்பத்திரி, ஊரில் ஒரு கல்யாணம் என்று எது வந்தாலும் முதலில் நிற்பது அந்தக் கூடுதல் தொகைதான். இந்த மூன்று வருடத்தில் எங்களால் ஒரு ரூபாய் கூடுதலாகக் கட்ட முடியவில்லை.

கையிலிருந்து போகப்போகும் பணத்தையும் எழுதினோம். முன்பணம் 15 லட்சம். பத்திரப்பதிவுக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். 75 லட்சத்துக்கு 6,75,000. நாங்கள் வாங்கிய வருடம் பதிவுக் கட்டணம் 4 சதவீதம். 50 லட்சத்துக்கு ஐந்தரை லட்சம் போனது, அதற்காகத்தான் என் வளையலும் ஆரமும் நகைக்கடனுக்குப் போயின. 2023 கடைசியில்தான் மீட்டோம். அந்த வட்டியை வீட்டின் விலையில் நான் சேர்த்ததே இல்லை. இன்று சேர்த்தேன்.

ஏப்ரல் 9, புதன்

ரெப்போ இன்னொரு கால் சதவீதம் குறைந்து 6.00. எங்களுக்குப் பிப்ரவரிக் குறைப்பு இந்த மாதம் 1-ஆம் தேதியிலிருந்துதான் வந்தது, இப்போது 9.00. கடிதத்தின்படி தவணை மாறவில்லை. கடைசித் தேதி 2052 ஜனவரியிலிருந்து 2049 டிசம்பருக்கு வந்துவிட்டது. கால் சதவீதத்துக்கு இரண்டு வருடத்துக்கு மேல்! நீளும்போது எவ்வளவு வேகமாக நீண்டதோ, அதே வேகத்தில் சுருங்கவும் செய்கிறது.



ஜூன் 6, வெள்ளி

ஒரே அடியாக அரை சதவீதம். ரெப்போ 5.50. ஏப்ரலில் குறைந்ததையும் சேர்த்து ஜூலை 1 முதல் எங்களுக்கு 8.25 ஆகும்.

சாப்பிட்டு முடித்ததும் இவர் மெதுவாக ஆரம்பித்தார். பழையபடி 2052 வரை வைத்துக்கொண்டால் தவணை 29,891-க்கு இறங்கும், மாதம் 2,683 மிஞ்சும், பாப்பா வேன் கட்டணம் அதிலேயே போய்விடும் என்று. பாவம், கேட்டதில் தப்பில்லை. அவர் கை இறுகித்தான் இருக்கிறது. இரண்டு வருடமாக ஒரு செருப்பை வைத்துக்கொண்டு ஒரகடத்துக்கு வேலைக்குப் போய்வருகிறார்.

நோட்டை எடுத்து இரண்டு விதமாகவும் போட்டேன். 29,891 வீதம் 2052 வரை: 95 லட்சம். 32,574-ஐ விடாமல் கட்டினால் 2046 ஜனவரியில் முடிகிறது: 80 லட்சம். வட்டி இப்படியே இருந்தால் வித்தியாசம் 15 லட்சம். திரும்பவும் ஏறினால், அசல் குறைந்திருக்கும் அளவுக்குத்தான் எங்களால் தாங்க முடியும்.

"வேன் கட்டணத்துக்கு நான் வழி பார்க்கறேன்" என்றேன். சரி என்றார்.

ஜூலை 19, சனி

ஆபீஸ் சீட்டு எடுத்த 2 லட்சம் வந்தது. சமையலறை அலமாரிக்கென்று போட்ட சீட்டு. இரண்டு நாள் யோசித்தேன், மறைக்கவில்லை. மழைக்காலத்தில் அந்த மர அலமாரியில் பூஞ்சை படிகிறது. இன்னும் ஒரு வருடம் துடைத்துக்கொள்ளலாம்.

கிளைக்குப் போய் 2 லட்சத்தையும் அசலில் கட்டினோம். தனிநபர் வாங்கிய ஃப்ளோட்டிங் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கி அபராதம் வாங்கக் கூடாது, 2012-லிருந்தே விதி. அன்று இருந்த அதே பெண்தான். 2042 ஜனவரியிலேயே முடிய வேண்டுமென்றால் தவணை எவ்வளவு ஆகும் என்று கேட்டேன். தட்டிப் பார்த்துவிட்டு, "33,850 மேடம்" என்றாள்.

இப்போது கட்டுவதைவிட 1,276 கூடுதல்.

இவர் என்னைப் பார்த்தார். நான் படிவத்தைக் கேட்டேன். எழுதி, இருவரும் கையெழுத்துப் போட்டு, நகல் வாங்கிக்கொண்டோம்.

தம்பி சாயங்காலம் பேசினான். பெரும்பாக்கத்தை விட்டுவிட்டான். செம்பாக்கத்தில் 58 லட்சத்துக்கு ஒன்று, லிஃப்ட் இல்லாத மூன்றாம் மாடி. கடன் 45 லட்சம், 20 வருடம். காப்பீட்டைக் கடனிலிருந்து எடுக்கச் சொல்லிவிட்டானாம். இந்தத் தடவை கே.எஃப்.எஸ். தாளைத் தமிழில் கேட்டு வாங்கியிருக்கிறான். வில்லங்கச் சான்று வந்ததும் அதையும் எடுத்துக்கொண்டு வருகிறேன், நீயும் ஒரு முறை பார் என்றான்.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

தவணை போய்விட்டது. 33,850. மதிய இடைவேளையில் ஸ்டேட்மென்ட்டைத் திறந்தேன். வட்டி 25,767. அசல் 8,083.

2022-இல் கட்டிய முதல் தவணையில் அசலுக்குப் போனது 7,915. வட்டி ஏறத் தொடங்கிய பிறகு அதைத் தாண்டிய முதல் மாதம் இது. இவருக்கு வாட்ஸ்அப்பில் அந்த எண்ணை மட்டும் அனுப்பினேன். ஷிப்ட் முடிந்து ஏழு மணிக்குப் பார்த்துவிட்டுக் கூப்பிட்டார்.