பழைய மோட்டருக்குக் கையேடு தேடியபோது

கொழுந்து வாட்டும் தொட்டியின் விசிறி மோட்டர் சூடேறிக்கொண்டே இருந்தது. கழற்றுமுன் கையேடு வேண்டும். தேடலை போனில் அல்ல, மோட்டரின் விவரம் பொறித்த தகடான நேம்பிளேட்டில் தொடங்கினோம். தேயிலைத் தூசியும் கிரீஸும் போகத் துடைத்து, டோர்ச்சைப் பக்கவாட்டில் சரித்துப் பிடித்தால் தேய்ந்த எழுத்தும் படத்தில் விழும். மாடல், தொடர் இலக்கம், கிலோவாட், வோல்ட், ஆம்பியர், ஹெர்ட்ஸ், வேகம் எல்லாம் எழுதிக்கொள்ள வேண்டும். சைபரும் ஆங்கில ‘ஓ’வும் குழம்பும், இரண்டையும் மாற்றிப் போட்டுத் தேடிப் பார்ப்பது நல்லது.

மாடல் எண்ணை மேற்கோள் குறிக்குள் இட்டுத் தேடினால், ‘இலவசக் கையேடு’ என்னும் தளங்கள்தான் முந்திக்கொண்டு வரும். இலவசம் என்பார்கள், பிறகு கார்ட் இலக்கம் கேட்பார்கள். அல்லது ‘டவுன்லோடர்’ ஒன்றை நிறுவச் சொல்வார்கள். பிடிஎஃப் படிக்க அப்படி எதுவும் தேவையில்லை. விண்டோஸ் கோப்பின் பின்னொட்டை வழக்கமாக மறைத்துவிடும், அதனால் பிடிஎஃப் போலத் தெரிவது, திறந்தவுடன் இயங்கும் நிரலான ஈஎக்ஸ்ஈ ஆகவும் இருக்கலாம். பின்னொட்டைக் காட்டும்படி முதலில் மாற்றிவிடுங்கள். கோப்பில் வைரஸ் உண்டா என்று பார்க்கும் வைரஸ்டோட்டல் தளத்தில் சோதிக்கலாம், ஆனால் அங்கே ஏற்றும் கோப்பு மற்றவர்கள் கைக்கும் போகக்கூடும். தோட்டத்துக் கணக்கு, வரைபடம் எதையும் ஏற்ற வேண்டாம்.

பெரிய மோட்டர் கம்பனிகள் பல, கையேட்டைத் தம் தளத்திலேயே காசில்லாமல் வைத்திருக்கின்றன. தளம் மறைந்துபோயிருந்தால், பழைய முகவரியை, இணையப் பக்கங்களின் பழைய பிரதிகளைச் சேமித்து வைக்கும் வேபேக் மெஷினில் போட்டுப் பார்க்கலாம்.

கிடைத்ததும் நம்பிவிடக் கூடாது. அமெரிக்கப் பதிப்பில் 460 வோல்ட், 60 ஹெர்ட்ஸ், நிமிடத்துக்கு 1750 சுற்று என்றிருக்கும். இலங்கையில் நம்முடையது 400 வோல்ட், 50 ஹெர்ட்ஸ். அதே நான்கு துருவ மோட்டர் இங்கே ஏறத்தாழ 1440 சுற்றுத்தான் ஓடும். அந்தக் கையேட்டின் ஆம்பியரைப் பார்த்து மின்னோட்டம் கூடினால் மோட்டரை நிறுத்தும் ஓவர்லோட் ரிலேயை வைத்தால் கணக்குப் பிழையாகிவிடும்.

பெயாரிங்குக்குக் கையேடே வேண்டாம். 6308 என்று பொறித்திருந்தால் உள்விட்டம் 40, வெளிவிட்டம் 90, அகலம் 23 மில்லிமீற்றர். பின்னால் சீ3 இருந்தால் அதையும் சொல்லியே வாங்குங்கள். அது குண்டுகளுக்கும் வளையங்களுக்கும் நடுவே உள்ளிடைவெளி கூடியது. சாதாரணத்தைப் போட்டால் மோட்டர் சூட்டில் இறுகிவிடலாம்.

தரநிலைகள் வேறு வகை. கறுப்புத் தேயிலைக்கான சர்வதேசத் தரநிலை ஐஎஸ்ஓ 3720 விற்பனைக்குரியது. தொடக்கப் பக்கங்களை மட்டும் ஐஎஸ்ஓ தளத்தில் சும்மா பார்க்கலாம். வாட்ஸ்அப்பில் சுற்றும் பிரதி இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்துக்கு முரணானது, பெரும்பாலும் பழைய பதிப்பும்கூட. தேயிலை பற்றிய ஆலோசனைச் சுற்றறிக்கைகளைத் தலவாக்கலை தேயிலை ஆராய்ச்சி நிறுவனத்தின் தளத்திலேயே எடுக்கலாம்.

எதுவும் அகப்படாவிட்டால், நேம்பிளேட் படத்தோடு தொடர் இலக்கத்தையும் கம்பனிக்கு மின்னஞ்சலில் அனுப்புங்கள். வயரிங் படமும் கிரீஸ் அட்டவணையும் என்று பெயர் சொல்லிக் கேட்டால், முழுக் கையேடு இல்லாதவர்களும் அந்தப் பக்கங்களை அனுப்புவதுண்டு.