குரோபே ஆறு: விடையைச் சாய்விலிருந்து தொடங்குங்கள்

ஜப்பானிய மலையாறு பற்றிய கேள்விக்குக் குரோபேயை எழுதும் மாணவர்கள் பெரும்பாலும் அணையை வருணித்துவிட்டு நிறுத்திக்கொள்கிறார்கள். முதலில் சாய்வைப் பிடியுங்கள். மின்சாரம், வண்டல், ஊற்று, கரையரிப்பு எல்லாம் அதிலிருந்தே வரும்.

நீளம் 85 கி.மீ., வடிநிலம் 682 ச.கி.மீ. 2,924 மீட்டர் உயரமுள்ள வாஷிபா மலையில் பிறந்து, இரு மலைத்தொடர்களுக்கு நடுவே வடக்கு நோக்கி இறங்கி, தொயாமா விரிகுடாவில் கலக்கிறது. உயரத்தை நீளத்தால் வகுத்துச் சராசரிச் சாய்வு 1/29 (29 மீட்டர் தொலைவுக்கு 1 மீட்டர் இறக்கம்) என்று எழுதினால் கணக்கு சரி, ஆனால் ஆறு தெரியாது. மலையில் 1/5 முதல் 1/80 வரை, சமவெளியில் ஏறத்தாழ 1/100 என்று பிரித்தே எழுதுங்கள்.

அடுத்து வரைபடம். ஜப்பான் அரசின் 1:25,000 நிலவரைபடம் இணையத்தில் இலவசம்; சம உயரக் கோடுகள் (ஒரே உயரமுள்ள இடங்களை இணைப்பவை) 10 மீட்டர் உயரத்துக்கு ஒன்று. ஆறு மலையை விட்டு வெளிவரும் ஐமோட்டோவைத் தேடுங்கள். வண்டல் விசிறியின், அதாவது மலையடியில் ஆறு கொட்டிய வண்டல் விசிறி வடிவில் பரந்த நிலத்தின், உச்சி அதுதான். அங்கிருந்து கடல்வரை சுமார் 13 கி.மீ. சாய்வு 1/100 என்றால் அடுத்தடுத்த கோடுகள் 1 கி.மீ. தள்ளி, தாளில் 4 செ.மீ. இடைவெளியில் வரவேண்டும். அளந்து பாருங்கள். பலர் சறுக்குவது கோடுகளின் வளைவில்: பள்ளத்தாக்கில் அவை மேட்டுப் பக்கம் வளையும், விசிறியில் தாழ்ந்த பக்கம் புடைக்கும்.

பாடநூல் விசிறியில் உச்சிக்குக் கீழே தண்ணீர் மண்ணுக்குள் இறங்கிவிடும். நடுப்பகுதி பழத்தோட்டம், அடிப்பகுதி ஊற்றும் நெல்லும். மத்திய ஜப்பானில் மலைகள் சூழ்ந்த கோஃபு பள்ளநிலத்தின் காட்சுனுமாவில் திராட்சை விளைவது இதனால்தான். குரோபேக்கு இதை அப்படியே எழுதினால் தவறு. ஐமோட்டோவில் திருப்பிய வாய்க்கால் நீரால் இங்கே விசிறி முழுக்க நெல்வயல். மணல் நிலம் நீரை உறிஞ்சிவிடும் என்பதால் 1950களில் பாசன நீரிலேயே களிமண்ணைக் கரைத்து வயல்களுக்கு அனுப்பினார்கள். எத்தனை அழகான தீர்வு! விசிறி நேரே கடலைத் தொடுவதால் ஊற்றுகளும் கரையிலுள்ள இகுஜியில்தான், கடலடியிலும் ஊறுகின்றன.

நீர்வரத்தைப் பருவமழையோடு மட்டும் முடிக்காதீர்கள். குளிர்கால வடமேற்குக் காற்று ஜப்பான் கடலின் ஈரத்தை மலைமேல் பனியாகக் கொட்டுகிறது. அது வசந்தத்தில் உருகி ஆற்றை நிரப்பும்; பிறகு ஜூன், ஜூலை மழை.

1963இல் முடிந்த குரோபே அணை 186 மீட்டர் உயர வளைவு அணை. கட்டுமானத்தில் 171 பேர் உயிரிழந்தார்கள். கீழேயுள்ள நிலத்தடி மின்நிலையத்துக்கு நீர் விழும் உயரம் சுமார் 545 மீட்டர், நீர் நொடிக்கு அதிகபட்சம் 72 கன மீட்டர். புவியீர்ப்பு முடுக்கத்தையும் சேர்த்து 9.8 × 72 × 545 என்று பெருக்கினால் ஏறத்தாழ 3,85,000 கிலோவாட். உண்மைத் திறன் 3,35,000, மீதி இழப்பு. இந்த ஒரு வரிக் கணக்கு அரைப்பக்க வருணனையைவிட வலுவானது.

பலர் விட்டுவிடுவது வண்டல். அதை அணை தடுத்தால் நீர்த்தேக்கம் தூர்ந்துபோகும், கடற்கரைக்கு மணல் குறையும், அலை கரையை அரிக்கும். அதற்காகவே கீழுள்ள தஷிதைரா (1985), உனாசுகி (2001) அணைகளுக்கு வண்டல் வெளியேற்றும் மதகுகள் வைத்தார்கள். 1991இல் தஷிதைராவில் முதன்முதலாகத் திறந்தபோது தேங்கி அழுகிய சேறு கடலுக்குப் போய் மீனவர்களின் எதிர்ப்பைக் கிளப்பியது. இப்போது வெள்ளம் வரும் மாதங்களில் இரண்டு அணைகளையும் சேர்த்தே திறக்கிறார்கள்; நீர் மிகுந்த வேளையில் வண்டல் நீர்த்துப்போகும்.