மார்செல் டாலியோ: பார்த்தபோது எழுதியவை

ஜூன் 4, 2024
'காசாபிளாங்கா' என்ற ஹாலிவுட் படத்தில், இங்கே சூதாட்டம் நடப்பதா என்று காவல் அதிகாரி அதிர்ச்சி காட்டும் அதே நொடியில், அவர் சூதாட்டத்தில் ஜெயித்த பணத்தைக் கொண்டுவந்து பணிவாகக் கையில் கொடுக்கிறாரே ஒரு விடுதி ஊழியர், அவர்தான் பிரெஞ்சு நடிகர் மார்செல் டாலியோ. பெயர்ப்பட்டியலில் அவர் பெயர் இல்லை. முகத்தில் துளிக் கேலியும் காட்டாமல் அவர் மரியாதையோடு வந்து நிற்பதால்தான் அந்தக் காட்சிக்குச் சிரிப்பு வருகிறது.

ஜூன் 7
ருமேனியாவிலிருந்து பாரிஸில் குடியேறிய யூதக் குடும்பத்தில் பிறந்தவர். இயக்குநர் ழான் ரெனுவாரின் 'கிராண்ட் இல்யூஷன்' (1937) படத்தில், தமக்கு வீட்டிலிருந்து வரும் உணவுப் பொட்டலங்களைச் சக போர்க்கைதிகளோடு பகிர்ந்துகொள்ளும் செல்வந்தர் ரோசந்தாலாக வருகிறார். தப்பியோடும் வழியில் காலில் அடிபட்டு நடக்க முடியாத ரோசந்தாலை, யூதர்களையே தனக்குப் பிடிக்காது என்று கத்திவிட்டு உடன் தப்பிவரும் கைதியாக நடிக்கும் ழான் கபென் விட்டுப் போகிறார். டாலியோ பாறைமேல் உட்கார்ந்து ஆத்திரத்தோடு குழந்தைப் பாட்டொன்றைப் பாடுகிறார். அழுகையும் கோபமும் ஒரே குரலில் வருகின்றன.

ஜூன் 10
'ரூல்ஸ் ஆஃப் தி கேம்' (1939) படத்தை மறுபடியும் பார்த்தேன். பிரபுவாக நடிக்கும் டாலியோ, தாம் சேகரித்த இயந்திர இசைக்கருவிகளிலேயே பெரியதை விருந்தினருக்குத் திறந்துகாட்டும் காட்சியில், கேமரா அலங்காரப் பொம்மைகள்மீது நகர்ந்து அவரிடம் வந்து நிற்கிறது. அவரோ பெருமையையும் கூச்சத்தையும் அடக்கத் தெரியாமல், கைக்குட்டையால் முகத்தைத் துடைத்தபடி, பாராட்டு வேண்டியும் அதற்கு அஞ்சியும் நிற்கிறார். வசனமே இல்லாத இந்தச் சில நொடிகளுக்கு இணையான நடிப்பை நான் அதிகம் பார்த்ததில்லை. வெளியானபோது தோற்ற அந்தப் படம் வெட்டிக் குறைக்கப்பட்டது, சில மாதங்களில் தடையும் செய்யப்பட்டது. ஏறத்தாழ முழு வடிவில் மீட்கப்பட 1959 வரை ஆயிற்று. டாலியோவின் உச்சம் இருபது ஆண்டுகள் உலகத்தின் கண்ணில் படாமல் கிடந்தது எனக்குப் பெரிய அநியாயமாகவே படுகிறது.

ஜூன் 13
1940 ஜூனில் ஜெர்மானியப் படை நெருங்கவே, மனைவியும் நடிகையுமான மதலேன் லெபோவோடு பாரிஸை விட்டு வெளியேறி, லிஸ்பன் வழியாகக் கப்பலேறினார். கையிலிருந்த சிலி நாட்டு விசாக்கள் போலியென்று வழியில் மெக்சிகோவில் தெரியவந்தது. பாரிஸிலோ நாஜிகள் அவருடைய முகத்தையே 'யூத முகம்' என்று சுவரொட்டியில் அச்சிட்டார்கள். அவருடைய பெற்றோர் வதைமுகாமில் மாண்டார்கள். முதல்நிலை நடிகராக உயர்ந்துகொண்டிருந்தவரை ஹாலிவுட்டின் பெயரில்லாத சிறு வேடங்களுக்குத் தள்ளியது திறமைக் குறைவன்று, இந்த வரலாறுதான். அவரைத் 'துணை நடிகர்' என்று ஒரே வரியில் எழுதுபவர்கள் இதையும் சேர்த்தே எழுத வேண்டும்.

ஜூன் 15
போருக்குப் பின் பிரான்சிலும் ஹாலிவுட்டிலும் மாறி மாறி நடித்தார். பெரும்பாலும் சில நிமிட வேடங்கள். 1973இல் பிரெஞ்சு நகைச்சுவை நடிகர் லூயி த ஃபுனேஸின் நகைச்சுவைப் படத்தில், நியூயார்க்கிலிருந்து பாரிஸுக்கு வரும் யூத மதகுரு ராபி ஜாக்கோபாக அவரைப் பிரான்சே கொண்டாடியது. 1983இல் பாரிஸிலேயே காலமானார்.