வாயை மட்டும் அசை

கச்சேரிக்கு ஒன்பது நாள் இருந்தது. ஒத்திகையை நிறுத்திவிட்டு அவனிடம் சொன்னேன்: "நீ வாயை மட்டும் அசை, தம்பி. குரல் வர வேண்டாம்."

அவன் கோபப்படவில்லை. கொஞ்சம் யோசித்துவிட்டுக் கேட்டான். "டீச்சர், இலூவதார் மெல்கோரிடம் அப்படிச் சொன்னாரா?"

"அது கதை. இது கச்சேரி."

இந்த மூன்று வரிகளைப் பல மாதங்களாக மனசுக்குள் ஓட்டிப் பார்க்கிறேன். ஒவ்வொரு முறையும் என் பதிலில் வந்துதான் நிற்கிறேன். ஏனென்றால் ஆறு வாரமாக அந்தப் பிள்ளைகளுக்கு நான் சொல்லிக்கொடுத்தது அந்தக் கதையைத்தான்.

'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' எழுதிய டோல்கீனின் ஐனுலிந்தலே. உலகம் தோன்றும் முன்பு, ஐனூர் என்ற தூய உயிர்கள் தங்களைப் படைத்த இலூவதாரின் முன்னால் பாடிய பாட்டு. அவர்களில் ஒருவன்தான் மெல்கோர். டோல்கீன் இறந்து நான்கு ஆண்டு கழித்து, 1977இல் வந்த 'சில்மரில்லியன்' நூலின் முதல் பகுதி அது. எங்கள் சனிக்கிழமை வகுப்புப் பிள்ளைகளுக்குப் படங்கள் எல்லாம் அத்துப்படி. ஆனால் அவர் 1892 ஜனவரி 3ஆம் தேதி ப்ளூம்ஃபொன்டைனில் பிறந்தார் என்று சொன்னபோது ஒருவரும் நம்பவில்லை. இதே தென்னாப்பிரிக்காவில், எங்கள் டர்பனிலிருந்து அறுநூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேலே இருக்கும் ஊர். மூன்று வயதில் அம்மாவோடு இங்கிலாந்து போய்விட்டார். அப்பா 1896இல் இங்கேயே இறந்துபோனார். அப்புறம் பிள்ளைகளுக்கு அது நம் ஊர்க் கதையாகிவிட்டது. கூட்டிப்போக வந்து உட்கார்ந்திருந்த ஆயாக்களுக்கும், அதாவது பாட்டிகளுக்கும், அதில் புதுமை எதுவும் தெரியவில்லை. நாதத்திலிருந்து உலகம் வந்தது என்றால் நம் வீட்டில் யார்தான் ஆச்சரியப்படுவார்கள்?

ஆனால் அந்தக் கதையில் பாட்டு மட்டும் உலகத்தை உண்டாக்குவதில்லை. பாடியது என்ன என்பதை இலூவதார் முதலில் ஒரு காட்சியாகக் காட்டுகிறார். பிறகு 'ஏயா' என்ற ஒரே சொல். அதன் பிறகுதான் உலகம். அந்தச் சொல்லுக்கு 'உளதாகுக' என்று தமிழ் வைத்தேன். அவனுக்கு அது மிகவும் பிடித்திருந்தது. ஒத்திகை முடிந்து வீட்டுக்குப் போகும்போதும் சொல்லிக்கொண்டே போவான்.

அவனுக்கு 13 வயது. ஜூன் வரை எங்கள் மேல்ஸ்தாயியே அவன்தான். ஆகஸ்டில் குரல் உடைந்தது. குரல்வளை வளர்ந்து, குரல் நாண்கள் நீண்டு தடிக்கிற வயது. பழைய குரலும் புதுக் குரலும் சொல்லாமல் மாறி மாறி வரும். நிலையாக நின்றது கீழே நாலைந்து சுரம்தான், அதுவும் சத்தமாக. பக்கத்தில் நின்ற சின்னப் பிள்ளைகள் இரண்டு பேரும் அவனோடு சேர்ந்து சுருதி இறங்கினார்கள். அதுவும் கதையில் இருக்கிறது. மெல்கோர் தன் பெருமைக்காகத் தனி ராகம் எடுத்தபோது, அருகில் இருந்தவர்கள் சோர்ந்து தடுமாறினார்கள். சிலர் அவனுக்கே சுருதி சேர்த்துக்கொண்டார்கள். மற்ற 21 பேரையும் காப்பாற்ற வேண்டியது என் வேலை இல்லையா? அந்தச் சின்னவர்களின் பெற்றோருக்கும் நான்தானே பதில் சொல்ல வேண்டும்?

சரி, இலூவதார் என்ன செய்தார்? முதல் முறை புன்னகையோடு எழுந்து இடக்கையை உயர்த்தினார். புதிய பாட்டு பிறந்தது. இரண்டாம் முறை முகம் கடுமையாக, வலக்கை. மூன்றாம் முறை இரண்டு கைகளும். ஒரே ஒரு பெரும் ஒலியில் எல்லாம் நின்றது. அதாவது அவர் நிறுத்தியது முழுப் பாட்டையும். ஒருவனை மட்டும் ஊமையாக நிற்கச் சொல்லவில்லை. ஆனால் நிறுத்திய பிறகு எல்லார் முன்னாலும் மெல்கோரைக் கண்டித்தார். அவன் வெட்கப்பட்டான், அந்த வெட்கத்தில் கோபம் வந்தது. அதைப் பார்த்தால் நான் மென்மையாகத்தான் சொன்னேன் என்று தோன்றும். அரை மணி நேரம் அப்படித் தோன்றும். பிறகு போய்விடும்.

மூன்றாவது பாட்டு, மெல்கோரின் உரத்த சுரங்களையே எடுத்துத் தனக்குள் கோத்துக்கொண்டது. அதுதான் வித்தை. என் பிள்ளையிடம் இருந்த நாலைந்து சுரத்தில் ஒரு கீழ்வரி, ச-ப பிடித்து நிற்கிற ஒரு தாங்குசுருதி எழுத எனக்கு ஒரு மாலை போதும். இப்போது தெரிகிறது என்று எழுதினால் பொய். அப்போதும் தெரியும். களைத்திருந்தேன், ஒன்பது நாள்தான் இருந்தது.

ஆனால் அதைவிடப் பெரிய தவறு வேறு என்று இப்போது நினைக்கிறேன். கேள்வியில் அவன் தன்னை மெல்கோரின் இடத்தில் நிறுத்தினான். அவன் பெருமைக்காகச் சுருதி மாறவில்லை. அவன் உடம்பு வளர்ந்துகொண்டிருந்தது. "நீ மெல்கோர் இல்லை, தம்பி" என்பதுதான் நான் முதலில் சொல்லியிருக்க வேண்டியது. நான் கதையைத் தள்ளிவைத்தேன், அவனை அந்த இடத்திலேயே விட்டுவிட்டேன். இதைக்கூட நானாகப் பெரிதாக்குகிறேனோ, அவன் சும்மா கேட்டிருப்பானோ என்றும் சில நாள் நினைப்பேன். பதின்மூன்று வயதுப் பிள்ளை அப்படிச் சும்மா கேட்பானா?

கச்சேரி சுத்தமாக அமைந்தது. எல்லாரும் பாராட்டினார்கள். கடைசி ஒலிக்கு நான் இரண்டு கைகளையும் உயர்த்தினேன். அவன் வாய் அசையவில்லை.

ஜனவரியில் புது வகுப்புக்குப் பெயர் கொடுத்தபோது, பாட்டுக்கு வேண்டாம், தமிழ் வாசிப்புக்கு என்று எழுதியிருந்தான். ஆயாவிடம் கேட்டேன். "அவனுக்கு இப்ப அதுதான் புடிக்குது, டீச்சரம்மா" என்றார். அவன் குரல் இப்போது இறங்கி நிலைத்துவிட்டது. நான் சின்னவர்களுக்கு சரளி வரிசை சொல்லிக்கொடுக்கும்போது பக்கத்து அறைச் சுவர் வழியாகக் கேட்கும். போன வாரம் நான் தமிழாக்கிய பக்கங்களைத்தான் எடுத்து வாசித்துக்கொண்டிருந்தான். நீரின் தலைவன் உல்மோவிடம் இலூவதார் பேசுகிற இடம்: மெல்கோரின் கடுங்குளிர் உன் நீரை அழிக்கவில்லை, பனியைப் பார் என்று காட்டுகிற இடம். தடுமாறாமல் வாசித்தான். நான் ஆர்மோனியத்தை நிறுத்திக் கேட்டுக்கொண்டிருந்தேன். அந்த அறைக்கு இன்னும் போகவில்லை.