குமாசி நாட்குறிப்பு: யாரும் அமராத இருக்கை

மே 3, 2024, வெள்ளி

பரிசோதனை மாதிரி கானாவின் தலைநகர் அக்ராவுக்குப் போய்விட்டது. முடிவு வரும்வரை காய்ச்சலைக் குறைப்பதைத் தவிர வேறு எதுவும் செய்வதற்கில்லை என்கிறார்கள். காய்ச்சலில் படுத்திருக்கும் அவர் உறங்கும் வேளைகளில் நான் மருத்துவமனை வளாகத்தில் நடக்கிறேன். ஒரு சிறு கட்டடத்துக்குள் வாள் ஒன்று மண்ணில் புதைந்து, கைப்பிடி மட்டும் வெளியே தெரிய நிற்கிறது. முன்னூறு ஆண்டுகளுக்கு முன் கொம்ஃபோ அனோக்யே என்ற பூசகர் ஊன்றியது அது. பிடுங்கினால், குமாசியைத் தலைநகராகக் கொண்ட அசாந்தே நாடு கலைந்துவிடும் என்பது நம்பிக்கை. மருத்துவமனைக்கும் அவர் பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள். அவர் வானத்திலிருந்து பொன்னிருக்கையை வரவழைத்து, மன்னர் ஒசெய் டுட்டுவின் மடியில் இறக்கினார் என்கிறார்கள். அன்று வெள்ளிக்கிழமை. அதனால் அந்த இருக்கைக்கும், வெள்ளியன்று பிறக்கும் ஆண் குழந்தையைப் போலவே, கோஃபி என்று பெயர்.

மே 5, ஞாயிறு

இரவு முழுவதும் அந்த இருக்கையைப் பற்றியே நினைத்துக்கொண்டிருந்தேன். வேறு எதையும் நினைக்காமல் இருப்பதற்கு அது உதவியது.

அதில் யாரும் அமர்வதில்லை, மன்னரும் அமர்வதில்லை. முடிசூடும் நாளில் அவரைத் தாங்கிப் பிடித்து, உடல் படாதவாறு, இருக்கைக்கு மேல் மூன்று முறை தாழ்த்தி உயர்த்துகிறார்கள். அதற்கெனத் தனிக் குடை உண்டு; வைப்பதற்குத் தனி ஆசனமும் உண்டு. வெறுந்தரையில் அது படக்கூடாது. அசாந்தே மக்கள் அனைவருடைய உயிரும் அதற்குள் இருக்கிறது, இறந்தவர்களுடையதும் இனிப் பிறக்கப்போகிறவர்களுடையதும் சேர்த்து. 1701ஆம் ஆண்டளவில் ஃபெயாசே போரில் டென்சிராவின் மேலாதிக்கத்தை முறியடித்த சிற்றரசுகள், ஒவ்வொன்றும் தன் குல இருக்கையை வைத்துக்கொண்டே, இந்த ஒன்றுக்குக் கீழே வந்தன. ஆள் மாறினாலும் ஆட்சி மாறாதிருக்க, அதிகாரத்தை ஒரு மனிதனிடமிருந்து எடுத்து ஒரு பொருளில் வைத்தவர்களின் அரசியல் அறிவு சாதாரணமானதன்று என்று தோன்றுகிறது. 1874இல் கோஃபி கரிகாரி என்ற மன்னர் முன்னோரின் கல்லறைப் பொன்னை எடுத்தார் என்று குற்றம் சாட்டப்பட்டு, பதவியிலிருந்து இறக்கப்பட்டார். மன்னரை இறக்கலாம், இருக்கையை இறக்க முடியாது.

முரசுகட்டிலில் அறியாமல் உறங்கிவிட்ட புலவரை வெட்டாமல், அவர் விழிக்கும்வரை கவரி வீசி நின்ற சேரனின் நினைவு வந்தது. இங்கே அப்படியொரு புலவர் உறங்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எண்ணிச் சிரித்துவிட்டேன். பக்கத்துப் படுக்கைக்காரர் திரும்பிப் பார்த்தார்.

மே 8, புதன்

காய்ச்சல் 39.4.

மே 12, ஞாயிறு

அக்வாசிடே. நாற்பத்திரண்டு நாளுக்கு ஒருமுறை சுற்றி வரும் ஞாயிறு இது; இம்முறை இன்றைய மன்னர் ஓட்டும்ஃபுவோ இரண்டாம் ஒசெய் டுட்டு பட்டமேற்று இருபத்தைந்து ஆண்டு நிறைந்த விழாவும் சேர்ந்துகொண்டது. தெருக்களில் கென்டே நெசவுத்துணி உடுத்தியவர்களின் கூட்டம். என்னால் போக முடியவில்லை. விழாவிற்குப் போகவேண்டிய செவிலி ஒருத்தி பணி மாற்றிக்கொள்ள ஆள் கிடைக்காமல் வாடிய முகத்துடன் சொட்டுநீர்க் குழாயைச் சரிசெய்தாள்.

எல்லோரும் காண்பது குடைகளையும் பல்லக்கையும் பொன் அணிகளையும்தான். ஆனால் நாளின் சாரம், கூட்டத்திற்கு முன்பு, மூடிய அறைக்குள் முடிந்துவிடுகிறது என்று அவள் சொன்னாள். நல்லாட்சி செய்து மறைந்த மன்னர் ஒவ்வொருவரின் மர இருக்கையையும் கரியும் முட்டைக்கருவும் பூசிக் கறுப்பாக்கி வைத்திருக்கிறார்கள்; இன்றைய மன்னர் அவற்றின் முன் சென்று மசித்த கிழங்கையும் மதுவையும் படைக்கிறார். மற்ற நாள்களில் மனிதர் எழுந்தவுடன் தம் இருக்கையைச் சாய்த்து வைப்பது பழைய வழக்கம், இல்லாவிட்டால் வேறொரு ஆவி வந்து அமர்ந்துகொள்ளும். வாசலில் வேர்க்கடலை விற்கும் பாட்டி எழும்போதெல்லாம் முக்காலியைக் கவிழ்த்துவிட்டுப் போவதற்குக் காரணம் இப்போது விளங்குகிறது.

மே 17, வெள்ளி

அவருக்கு இன்று சற்றுத் தேவலை. கஞ்சி குடித்தார். இரண்டு மணிநேரம் கிடைத்தது. மான்ஹியா அரண்மனை அருங்காட்சியகத்துக்குப் போனேன்.

சிறிய கட்டடம். நாடு கடத்தப்பட்ட மன்னர் பிரெம்பே திரும்பி வந்தபோது, அவர் வசிப்பதற்காக ஆங்கிலேயர் 1925இல் கட்டியது. அவர்கள் அளித்த கொடையாக அதை ஏற்க மறுத்து, கட்டடச் செலவை அசாந்தே மக்களே செலுத்திய பின்புதான் மன்னர் குடிபுகுந்தார் என்று வழிகாட்டி சொன்னார். அவர் அதைச் சொல்லும்போது குரலில் ஏறிய மிடுக்கு எனக்குப் பிடித்திருந்தது, ஏனெனில் அடுத்த அறையில் அதற்கு நேர்மாறான ஒன்று காத்திருந்தது.

அடுத்த அறையில் இருப்பவை இம்மாதம் முதல் தேதியிலிருந்து காட்சிக்கு வைக்கப்பட்டுள்ள முப்பத்திரண்டு பொருள்கள்: பிரிட்டிஷ் அருங்காட்சியகத்திலிருந்து பதினைந்து, விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்திலிருந்து பதினேழு. தலைவர்கள் உறுதிமொழி எடுக்கும் வாள், பொன்னாலான புகைக்குழாய், மன்னரின் ஆன்மாவைத் தூய்மைப்படுத்தும் பணியாளர் மார்பில் அணிந்த பொற்பதக்கங்கள். 1817இல் உடன்படிக்கை பேச வந்த ஆங்கிலேயர் பௌடிச்சிடம் மன்னர் விரும்பிக் கொடுத்த சிறு பொன் யாழ் ஒன்றும் உண்டு; எல்லாமே கொள்ளைப் பொருள் என்று நாமும் சொல்லிவிடக் கூடாது. ஆனால் பலவும் 1874 பிப்ரவரியில் ஆங்கிலேயத் தளபதி உல்ஸ்லியின் படை நகருக்குள் புகுந்து அரண்மனையைச் சூறையாடி, கல் மாளிகையை வெடி வைத்துத் தகர்த்து, ஊரைக் கொளுத்திவிட்டுச் சென்றபோது எடுத்தவை. அதே ஆண்டில் லண்டனில் அரச நகைக்கடை வழியாக அவை விற்கப்பட்டன. போர்ச் செலவுக்காக ஐம்பதாயிரம் அவுன்ஸ் பொன் தண்டம் வேறு.

இவை மூன்று ஆண்டுக்கு இரவல். வேண்டுமானால் இன்னும் மூன்று ஆண்டு நீட்டலாம். சேகரிப்பில் உள்ளதை நிரந்தரமாகக் கொடுத்துவிட இங்கிலாந்தின் 1963ஆம், 1983ஆம் ஆண்டுச் சட்டங்கள் இடங்கொடுப்பதில்லையாம். கலிஃபோர்னியாவின் ஃபவுலர் அருங்காட்சியகம் தன்னிடமிருந்த ஏழு பொருள்களை எந்த நிபந்தனையும் இல்லாமல் பிப்ரவரியில் திருப்பித் தந்துவிட்டது. யானைவால் சாமரம் ஒன்றும் அவற்றில் சேர்ந்தது. எனவே முடியாதது ஒன்றுமில்லை. என் முன்னால் நின்ற முதியவர் ஒருவர் கண்ணாடிப் பேழையை நோக்கிக் கை கூப்பவுமில்லை, கண் கலங்கவுமில்லை; பதக்கங்களை ஒவ்வொன்றாக எண்ணினார், பின் மறுபடியும் எண்ணினார்.

மே 18, சனி

தன் வீட்டுப் பொருளை இரவல் வாங்கும்போது இடும் கையெழுத்து எப்படிப்பட்டதாக இருக்கும்?

மே 23, வியாழன்

மறுபடியும் காய்ச்சல். அக்ராவிலிருந்து தகவல் இல்லை. கேட்டால், கேட்டிருக்கிறோம் என்கிறார்கள்.

1900, மார்ச் 28. ஆங்கிலேய ஆளுநர் ஹாட்ஜ்சன் குமாசித் தலைவர்களைக் கூட்டிவைத்து, மேலாதிக்க அரசின் பிரதிநிதியாகிய தன்னைச் சாதாரண நாற்காலியில் அமரவைத்தது ஏன், பொன்னிருக்கையைக் கொண்டுவந்து தராதது ஏன் என்று கேட்டார். நான்கு ஆண்டுகளுக்கு முன்பே ஆங்கிலேயர் பிரெம்பேயையும் அவர் தாயையும் பிடித்துச் சென்றுவிட்டார்கள். இருக்கையைக் காப்பாற்றவே அவர் போரிடாமல் பணிந்தார் என்று இங்கே சொல்கிறார்கள். மன்னரைக் கொண்டுபோனபோது பொறுத்திருந்தவர்கள், இருக்கையைக் கேட்டதும் எழுந்தார்கள். எஜிசுவின் அரசித்தாய் யா அசந்தேவா, ஆண்கள் போகாவிட்டால் பெண்கள் போவோம் என்று சொன்னதாக எல்லாப் பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். கோட்டைக்குள் அடைபட்ட ஹாட்ஜ்சன் ஜூன் 23 அன்றுதான் தப்பிச் செல்ல முடிந்தது. போரில் தோற்ற யா அசந்தேவாவை சேஷெல்ஸ் தீவுக்கு அனுப்பினார்கள். 1921இல் அங்கேயே இறந்தார். பிரெம்பே 1924இல் ஊர் திரும்பினார். அவர் மூன்று ஆண்டுகள் பிந்திவிட்டார், அல்லது அந்த அம்மையார் மூன்று ஆண்டுகள் முந்திவிட்டார்.

உட்கார ஓரிடம் கேட்டான் ஒருவன், அதற்கு இத்தனை உயிர்.

மே 29, புதன்

இவர்களைப் பற்றி நான் எழுதியதைப் படித்துப் பார்த்தேன்; துதி போல இருக்கிறது. மறுபக்கத்தையும் எழுத வேண்டும். இந்தப் பேரரசு போர்களில் பிடித்த மனிதர்களைக் கடற்கரைக் கோட்டைகளில் இருந்த ஐரோப்பியருக்கு விற்றது. துப்பாக்கியும் வெடிமருந்தும் பெரும்பங்கு அந்த வழியில்தான் வந்தன. 1807இல் ஆங்கிலேயர் அடிமை வணிகத்தைத் தடைசெய்தபின் கோலாக்கொட்டை வணிகம் வடக்கு நோக்கிப் பெருகியது. 1818இல், பொன்னிருக்கைக்கு நகலொன்று செய்துகொண்ட ஜ்யாமன் மன்னர் அடிங்க்ராவைப் போரில் கொன்று, அவர் நகலின் பொன்னை உருக்கி முகங்களாக வார்த்துத் தங்கள் இருக்கையில் தொங்கவிட்டார்கள். மக்களின் உயிரைத் தாங்கும் பொருளில், தோற்ற இன்னொருவரின் முகமும் தொங்குகிறது. அவர்கள் இழந்தது நியாயமற்றது என்பதை இது ஒரு சிறிதும் மாற்றவில்லை. எனக்குத்தான் இதை எழுதாமல் உறக்கம் வரவில்லை.

ஜூன் 4, செவ்வாய்

கடுமையான நாள். எழுத முடியாது என்று நினைத்தேன்.

ஹாட்ஜ்சன் தேடியும் கிடைக்காத பொருள் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் மண்ணுக்குள் இருந்தது. 1920இல் சாலை போட்ட கூலியாட்கள் தோண்டும்போது தட்டுப்பட்டது. சிலர் அதன் பொன்னணிகளைக் கழற்றி விற்கத் தொடங்கியபோது ஊர் கொதித்தது, துக்கம் காத்தது. பெரியவர்கள் கூடி விசாரித்து, கொலைத் தண்டனை வரை போனார்கள்; ஆங்கிலேய அரசு அதை நாடு கடத்தலாகக் குறைத்தது. ராட்ரே என்ற மானுடவியல் அதிகாரி இருக்கை எதைக் குறிக்கிறது என்று எடுத்துச் சொன்னபின், இனி அதில் கைவைப்பதில்லை என்று அரசு அறிவித்தது. போர் முடிந்து இவ்வளவு காலம் கழித்து, கேட்கத் தோன்றிய முதல் கேள்வி அது.

எனக்குத் தீராத வியப்பு அந்த ஆண்டுகள் மேல்தான். ஒளித்தவர்களில் ஒருவர்கூட வாய் திறக்கவில்லை. பேழைக்குள் இரவலாக வந்திருப்பவை உடலில் அணிந்தவை, அணிந்ததைப் பறிக்கலாம். கேட்டு வந்த ஒன்றே ஒன்று மட்டும் கிடைக்கவில்லை.

ஜூன் 9, ஞாயிறு

அவர் கேட்டார்: நீ அருங்காட்சியகத்துக்கு மறுபடியும் போனாயா? போகவில்லை என்றேன். போய்விட்டு வந்து சொல் என்றார்.

ஜூன் 11, செவ்வாய்

போனேன். முதியவர் இல்லை. வழிகாட்டியிடம் இரவல் முடியும்போது என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். அதற்குள் சட்டத்தை மாற்றிவிடுவார்கள் என்று நம்புவதாகச் சொன்னார். மாற்றாவிட்டால் என்று கேட்டதற்கு, அவர் அடுத்து வந்த பள்ளிப் பிள்ளைகளிடம் திரும்பிக்கொண்டார்.

ஜூன் 14, வெள்ளி

முடிவு வந்திருக்கிறது. மருத்துவர் என்னிடம் தனியாகப் பேச வேண்டும் என்கிறார், பிற்பகலில். அடுத்த அக்வாசிடே இருபத்துமூன்றாம் தேதி. அதற்குள் எங்களை அக்ராவுக்கு அனுப்பக்கூடும் என்று செவிலி சொன்னாள். அவள் இந்த முறை முன்கூட்டியே விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டாளாம். கேட்க வேண்டியவற்றைப் பட்டியலிட உட்கார்ந்தேன்: மருந்து எங்கே கிடைக்கும், எத்தனை வாரம்,