கி.மு. 12-இன் வழிச்சீட்டைத் தேடிப் போனேன்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தைபேயில் ஹான் காலத்து மரச்சீட்டுகளை, அதாவது ஏறக்குறைய இரண்டாயிரம் வருடத்துக்கு முன் சீனாவில் காகிதத்துக்குப் பதிலாக எழுதிய மரத்துண்டுகளை, பார்க்கப் போகிறவர்கள் கிழமை பார்த்துப் போங்கள். அவை இருப்பது நான்காங் பக்கம், அகாடெமியா சினிகா வளாகத்துக்குள், வரலாறு மொழியியல் ஆய்வு நிறுவனத்தின் காட்சிக்கூடத்தில். புதன், சனி, ஞாயிறு மட்டும்தான் திறப்பார்கள். இது தெரியாமல் வெள்ளிக்கிழமை அரை நாள் லீவு போட்டு, மெட்ரோ ஏறி, பஸ் மாறி, மழையில் நனைந்துகொண்டு போய்ப் பூட்டிய கதவைப் பார்த்துவிட்டு வந்தேன். கையில் இருந்ததோ இன்னும் இரண்டே நாள். அதில் சனிக்கிழமை முழுக்க ஆலையில் வேலை.

இன்னொரு எச்சரிக்கையும் உண்டு. சீனாவின் வடமேற்கு எல்லையில் ஜூயான் என்ற இடத்தில் கிடைத்த இந்தச் சீட்டுகள் இரண்டு ஊர்களில் இருக்கின்றன. 1930-இல் ஸ்வீடன்காரர் பெர்க்மன் கண்டெடுத்த பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட சீட்டுகள், 1937-இல் போருக்குத் தப்பி பெய்ஜிங்கிலிருந்து ஹாங்காங், 1940-இல் அங்கிருந்து வாஷிங்டன், 1965-இல் தைபே என்று வந்து சேர்ந்தவை. 1972 முதல் 1974 வரை தோண்டி எடுத்த ஏறக்குறைய இருபதாயிரம் சீனாவின் கான்சு மாகாணத்தில் உள்ளன. எந்தச் சீட்டு எந்தத் தொகுப்பு என்று பார்க்காமல் டிக்கெட் போட்டால் வேறு ஊரில் போய் நிற்பீர்கள்.

சரி, இந்தப் பயணத்துக்கு விசா வாங்கிய கதைக்கு வருகிறேன். இன்னும் ஆறவில்லை எனக்கு. கம்பெனி வேலையாகத்தான் பயணம். தைபே நிறுவனம் அனுப்பிய அழைப்புக் கடிதத்தில் என் பெயர், மின்னஞ்சலில் நான் எழுதுகிற மாதிரி, முன்னால் ஒற்றை எழுத்து இனிஷியலோடு இருந்தது. பாஸ்போர்ட்டில் அந்த ஒற்றை எழுத்து அப்பாவின் முழுப் பெயராக விரிந்து என் பெயருக்குப் பின்னால் நிற்கிறது. குடும்பப்பெயர் என்ற இடம் காலி. இதைக் காட்டி டிராவல் ஏஜென்டிடம் கேட்டேன். “அதெல்லாம் பிரச்சினையே இல்ல சார், தினமும் நாலு பேருக்குப் போடுறோம்” என்றார். விண்ணப்பம் திரும்பி வந்தது. இரண்டும் ஒரே ஆள் என்று எப்படித் தெரியும் என்ற கேள்வி நியாயமானதுதான். கடிதத்தைப் புதிதாக வாங்கி, முத்திரை குத்திய அசல் கூரியரில் வந்து சேர ஒன்பது நாள் ஆயிற்று. பயணம் தள்ளிப்போனது. ஏஜென்ட் இரண்டாம் முறையும் சர்வீஸ் சார்ஜ் வாங்கிக்கொண்டார். இனிஷியல் உள்ளவர்கள் தயவுசெய்து அழைப்புக் கடிதம் கேட்கும்போதே பாஸ்போர்ட் முதல் பக்கத்தை அனுப்பி, அதில் உள்ளபடி எழுத்துக்கு எழுத்து அடிக்கச் சொல்லுங்கள்.

அந்த ஒன்பது நாளும் ராத்திரி உட்கார்ந்து, இணையத்தில் இருக்கும் சீட்டுகளின் படங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சீனம் படிக்கும் நண்பர் ஒருவர் பொறுமையாகப் படித்துக் காட்டினார். அப்போது அகப்பட்டதுதான் சுவெய் சிதாங் என்பவரின் வழிச்சீட்டு, அதாவது அந்தக் காலத்துப் பயண அனுமதி. கி.மு. 12. வடமேற்குச் சீனாவில் ஜாங்யே பக்கத்து ஆள். ஊர் அதிகாரி மேலிடத்துக்கு எழுதுகிறார்: ‘யிசெங் குடியிருப்பைச் சேர்ந்த சுவெய் சிதாங், குடும்பத்துக்காக ஜூயானில் கொடுக்கல் வாங்கல் செய்யப் போவதாகச் சொல்கிறார். விசாரித்ததில் இவர் மேல் வழக்கோ அரசு அழைப்போ எதுவும் இல்லை. வழிச்சீட்டு பெறத் தகுந்தவர்.’ அதன் கீழேயே மாவட்டத் துணை அதிகாரி, ஜின்குவான் சோதனைச்சாவடிக்கும் இன்னொரு சாவடிக்கும் பெயர் போட்டு, ‘சட்டப்படி நடக்க’ என்று முடிக்கிறார். எழுதிய எழுத்தர்களின் பெயர்களும் இருக்கின்றன.

தேதியைப் பார்த்தபோதுதான் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஊர் அதிகாரி எழுதிய நாளும் மாவட்ட அதிகாரி அனுப்பிய நாளும் ஒன்றே. ஒரே நாளில் வேலை முடிந்திருக்கிறது.

காரணம் இல்லாமல் இல்லை. செஃபு என்று அழைக்கப்பட்ட அந்த ஊர் அதிகாரி ஏறக்குறைய நம்மூர் வி.ஏ.ஓ. மாதிரி. வருடா வருடம் எட்டாம் மாதம் வீட்டு வாரியாக ஆள் கணக்கைச் சரிபார்த்து, ஒரு பிரதியை மாவட்டத்துக்கு அனுப்புவது சட்டம். யார் வீட்டில் யார், என்ன வயது, என்ன வரி என்பதெல்லாம் பதிவேட்டில் ஏற்கெனவே இருக்கிறது. ஓர் ஆளை அடையாளம் சொல்ல மாவட்டம், குடியிருப்பு, அரசு தந்த தரநிலை, பெயர், வயது என்று வரிசையாக எழுதுவார்கள். உயரமும் வரும். உதாரணமாக, அந்தக் கால அளவில் ஏழு சீ இரண்டு சுன், அதாவது ஏறக்குறைய 166 சென்டிமீட்டர். அப்புறம் நிறம். சீட்டுக்குச் சீட்டு ‘கறுப்பு’ என்றே வருகிறது. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் என் வலது தோளில் உள்ள மச்சத்தை வாத்தியார் எழுதியது ஞாபகம் வந்தது.

வழிச்சீட்டு இல்லாமல் போனால் என்ன ஆகும்? ஹான் ஆட்சியின் தொடக்க காலச் சட்டங்கள் ஜாங்ஜியாஷான் கல்லறையில் கிடைத்திருக்கின்றன. அவற்றின்படி, எல்லைச் சாவடியை அனுமதியின்றிக் கடந்தால் முகத்தில் பச்சை குத்திக் கோட்டைச் சுவர் கட்டும் கடின வேலைக்கு அனுப்புவார்கள். சாவடி வழியே வராமல் எல்லையையே தாண்டினால் இடது பாதத்தை வெட்டுவார்கள். பேரரசர் வென் கி.மு. 168-இல் சாவடிகளில் வழிச்சீட்டு வேண்டாம் என்று நீக்கினார். ஏழு சிற்றரசுகள் பேரரசரை எதிர்த்துக் கலகம் செய்த மறுவருடம், கி.மு. 153-இல், அவர் மகன் ஜிங் அதைத் திரும்பக் கொண்டுவந்தார். அதன் பிறகு வந்த காலம்தான் சுவெய் சிதாங்குடையது.

படத்தில் பார்த்த இன்னொரு சீட்டுதான் என்னை அதிகம் படுத்தியது. கி.மு. 40. காவல் கோபுரத் தலைவர் சுன் ஷி குடும்பத்தின் சாவடி அனுமதி. மனைவி, வயது 21. மகள், வயது 3. தங்கை, வயது 9. ‘எல்லோரும் கறுப்பு.’ அவ்வளவுதான். மரத்தின் ஓரத்தில் ஒரு சின்ன வெட்டு. இந்த வகைச் சீட்டுக்கு ஜோடி உண்டு. கி.மு. 80-இல் எழுதிய ஒன்றில் முறையே சொல்லப்பட்டிருக்கிறது: ஒன்று முதல் ஆயிரம் வரை எண்ணிட்டு, இடது பாதியை அலுவலகத்தில் வைத்து, வலது பாதியைச் சாவடிக்கு அனுப்ப வேண்டும், இரண்டும் பொருந்தினால் விட வேண்டும்.

அந்த மூன்று வயதுக் குழந்தையிடம் நான் திரும்பத் திரும்பப் போனேன். அந்தச் சீட்டு எழுதுவதற்குச் சில வருடங்களுக்கு முன்புவரை மூன்று வயதிலேயே தலைவரி தொடங்கிவிடும், வருடத்துக்கு 23 காசு. அதைக் கட்ட வழியில்லாமல் ஜனங்கள் பிறந்த குழந்தைகளைக் கொன்றுவிடுகிறார்கள், மனம் தாங்கவில்லை என்று கோங் யூ என்ற முதிய அமைச்சர் பேரரசர் யுவானிடம் முறையிட்டார். வயதை ஏழாக உயர்த்தக் கேட்டு, வாங்கியும் கொடுத்தார். இது கி.மு. 44 வாக்கில் நடந்தது. அப்படியானால் சுன் ஷி மகள் அந்த மாற்றத்துக்குப் பிறகு பிறந்தவள். எல்லையில் அவளுக்காக ஒரு கணக்கர் ‘வயது 3’ என்று எழுதியபோது, அந்த மூன்றுக்கு வரி இல்லை. இதை நண்பரிடம் சொல்ல ராத்திரி பதினொன்றரைக்குப் போன் பண்ணினேன்.

ஞாயிற்றுக்கிழமை ஒருவழியாக உள்ளே போனேன். கட்டணம் கிடையாது. வெளிச்சம் மிகக் குறைவு, கண் பழக ஐந்து நிமிடம் ஆகும். சீட்டுகள் நினைத்ததைவிட ஒல்லியாக இருக்கின்றன. சாதாரணச் சீட்டு ஏறக்குறைய 23 சென்டிமீட்டர் நீளம், விரல் அகலம்கூட இல்லை. பத்தாயிரத்தில் சிலவற்றைத்தான் வெளியே வைக்க முடியும் அல்லவா, சுவெய் சிதாங் அன்று என் கண்ணில் படவில்லை. தேடித் தேடி நேரம் போனதுதான் மிச்சம். குறிப்பிட்ட ஒரு சீட்டை மனதில் வைத்துக்கொண்டு போகாதீர்கள், அதைப் படத்திலேயே நன்றாகப் பார்த்துவிடுங்கள்.

ஆனால் ஒரு பெட்டியில், மங்கிப்போன ஒரு சீட்டின் அடியில், மூன்று எழுத்துகள் எனக்கே தெரிந்தன. ரூ, லூ, லிங். ‘சட்டப்படி நடக்க.’ விளக்கப் பலகையைப் பார்க்கவில்லை, யாரும் சொல்லித் தரவில்லை. மை இன்னும் கறுப்பாகத்தான் இருந்தது. கடைசி எழுத்தின் வாலை அந்தக் கணக்கர் நீளமாகக் கீழே இழுத்துவிட்டிருந்தார்.

நான் போனபோது மணி இரண்டரை, 4:30-க்கு மூடிவிட்டார்கள். பாதிப் பெட்டிகளைப் பார்க்கவில்லை. நீங்கள் காலை 9:30-க்கே போய்விடுங்கள்.