‘ஆர்.டி.ஏ.’ என்று எழுதி முடித்துவிட்டால்

கேஸ் ஷீட்டில் ‘ஆர்.டி.ஏ.’ (சாலை விபத்து) என்று மட்டும் இருந்தால், நோய்களுக்கும் காயங்களுக்கும் குறியீடு தரும் உலக சுகாதார நிறுவனப் பட்டியலான ஐசிடி-10-இல் அதற்கு ஒரே இடம்தான், வி89.2 (V89.2). பைக்கா, ஷேர் ஆட்டோவா, நடந்து போனவரா, எதில் மோதியது என்று எதுவும் அதில் தெரியாது. கடலூர்–புதுச்சேரி சாலையில் அடிபட்டு வருகிறவர்களைப் பார்க்கும் எந்த மருத்துவமனையின் எம்.ஆர்.டி.யிலும் (மருத்துவ ஆவணப் பிரிவு) விபத்துக் கணக்கைக் கெடுப்பது இந்த ஒரு கோடுதான் (code, குறியீடு). கோடு போடுகிறவரைக் குறை சொல்லிப் பயனில்லை. கேஷுவாலிட்டியில் ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) எழுதும்போது கேட்காமல் விட்டதை, பதினைந்து நாள் கழித்து ஃபைலைப் புரட்டுகிறவர் எங்கே போய்த் தேடுவார்?

தொடை எலும்பு முறிந்தது எஸ்72. அது எப்படி முறிந்தது என்பது 20-ஆம் அத்தியாயம், வி01 முதல் ஒய்98 வரை. உள்நோயாளிக்குக் காயம் முதலில், காரணம் கூடுதல் கோடு. இறந்துவிட்டால் அப்படியே தலைகீழ்: அடிப்படைக் காரணமாக எண்ணப்படுவது விபத்துதான், எலும்பு முறிவு அல்ல. அதனால்தான் இறப்புக் காரணச் சான்றிதழான படிவம் 4-இல் காயம் எப்படி ஏற்பட்டது என்று தனியாகக் கேட்டிருக்கிறார்கள். அந்த இடம் வெறுமையாகவே வருவது வேறு விஷயம்.

இருசக்கர வண்டி வி20 முதல் வி29 வரை. நாயின் மேல் ஏறி விழுந்தால் வி20, கார் மோதினால் வி23, லாரி, பஸ் என்றால் வி24, மீடியனில் இடித்தால் வி27. நாய் குறுக்கே வந்தது, பிரேக் அடித்தார், வண்டி சறுக்கியது, நாய் மேல் படவே இல்லை என்றால் வி28. பின்னால் உட்கார்ந்தவரின் புடவை சக்கரத்தில் சிக்கி விழுந்தாலும் வி28தான், வேறெதிலும் மோதவில்லை என்பதால். ஐசிடி-10-இன் மூன்றாம் தொகுதியில் நிலவழிப் போக்குவரத்துக்கென்று ஒரு அட்டவணை இருக்கிறது. அடிபட்டவர் எதில் வந்தார் என்பது ஒரு பக்கம், எதில் மோதினார் என்பது இன்னொரு பக்கம். அதைப் பார்த்துப் போட்டால் பாதி குழப்பம் தீரும்.

மீதிப் பாதி நான்காவது இலக்கத்தில் இருக்கிறது. கீழே விழுதல் போன்ற டபிள்யூ வரிசையில் அது இடத்தைக் குறிக்கும்: 0 வீடு, 4 தெரு, நெடுஞ்சாலை, 7 பண்ணை, வயல். வி20 முதல் வி28 வரை அதே 4, சாலையில் ஓட்டி வந்தவரைக் குறிக்கும். 5 என்றால் பின்னால் இருந்தவர். ‘ரோடுதானே, 4 போடு’ என்கிற பழக்கத்தில் எல்லோருக்கும் .4 விழுந்துவிடும். கோடு செல்லுபடியாகும் என்பதால் கம்ப்யூட்டரும் தடுக்காது. வருஷக் கடைசியில் எடுத்துப் பார்த்தால் எழுபது வயதுப் பாட்டியும் ஆறு வயதுப் பிள்ளையும் பைக் ஓட்டியிருப்பார்கள். .4 போட்ட கேஸ்களை வயதுவாரியாக அடுக்கிப் பார்த்தாலே இந்தத் தவறு வெளியே வந்துவிடும்.

கடலோர ஊர்களுக்கென்றே சில சிக்கல்கள். கடலூர் சில்வர் பீச்சில் குளிக்கப் போய் மூழ்கினால் டபிள்யூ69.8. மீன்பிடிப் படகு கவிழ்ந்து மூழ்கினால் வி90.2. படகு கவிழவில்லை, அலை அடித்து ஆள் மட்டும் கடலில் விழுந்தார் என்றால் வி92.2. ‘கடலில் மூழ்கியது’ என்று ஒரே வரியில் எழுதினால் மூன்றும் டபிள்யூ69-இல் போய்ச் சேரும். மீனவர் தொழிலில் இருக்கும்போது இறந்தது பதிவிலேயே இருக்காது.

புயலிலும் இப்படித்தான். 2011 டிசம்பர் 30-ஆம் தேதி கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்த தானே மாதிரியான புயலில், காற்றில் சாய்ந்த மரம் மேலே விழுந்தால் எக்ஸ்37. சாதாரண நாளில் மேலே ஏதாவது விழுந்தால் போடும் டபிள்யூ20 இதற்குப் பொருந்தாது. ஆனால் அடுத்த வாரம் ஓடு மாற்றக் கூரையில் ஏறி விழுந்தவருக்கு டபிள்யூ13தான். புயல் ஓய்ந்தபின் நடந்த சாலை விபத்தும் வி வரிசைக்கே போகும்.

எல்லாவற்றிலும் கடினம் விஷம். பூச்சிமருந்து என்றால் டி60-உடன் (T60) தவறுதலாகக் குடித்ததற்கு எக்ஸ்48, வேண்டுமென்றே குடித்ததற்கு எக்ஸ்68. ஒடுவன் தழை, அரளி போன்ற செடி விஷம் டி62.2, அதற்கு எக்ஸ்49 அல்லது எக்ஸ்69. போலீஸ், கேஸ் என்று பயந்து கூட வந்தவர்கள் ‘இருமல் மருந்துன்னு நெனச்சுக் குடிச்சிட்டாங்க சார்’ என்பார்கள். 2017 மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 115-ஆம் பிரிவு, தற்கொலைக்கு முயன்றவரைக் கடும் மன அழுத்தத்தில் இருந்தவராகவே கருதச் சொல்கிறது. பயம் மட்டும் போகவில்லை. ஏ.ஆர்.-இல் ஒன்றும் மனநல மருத்துவரின் குறிப்பில் வேறொன்றும் இருந்தால், நாமாக ஊகித்து எதையும் போடக்கூடாது. சிகிச்சை அளித்த மருத்துவரிடம் ஃபைலைத் திருப்பி அனுப்பிக் கேட்க வேண்டும். பூச்சிமருந்துக்கான ஒய்18 என்பது, தவறுதலா வேண்டுமென்றேயா என்று தகவல் போதாமல் மருத்துவராலோ சட்டத் தரப்பாலோ பிரித்துச் சொல்ல முடியாத கேஸுக்கு. நமக்குக் கேட்கச் சோம்பலாக இருக்கிற கேஸுக்கு அல்ல. அமெரிக்கக் கோடிங் கம்பெனிகளில் பழகி வருகிறவர்கள் இங்கே ஒரு இடத்தில் சறுக்குவார்கள். அவர்களுடைய முறையில் நோக்கம் டி கோடுக்குள்ளேயே அடங்கிவிடும். இங்கே எக்ஸ் கோடைத் தனியாகப் போட்டால்தான் உண்டு.

ஏ.ஆர்.-இல் கூடுதலாக ஒரு வரி போதும்: எதில் வந்தார், ஓட்டினாரா, எதில் மோதினார், எங்கே, வேலையாகவா. ‘ஸ்கிட் அண்ட் ஃபால்’ என்பதோடு ‘பின்னால் இருந்தவர், வி.கே.டி. (விக்கிரவாண்டி–கும்பகோணம்–தஞ்சாவூர்) சாலை’ என்று சேர்க்க அரை நிமிஷம் ஆகாது. ‘செல்ஃப் ஃபால்’ (தானாக விழுந்தார்) என்று எழுதுவதை மட்டும் விட்டுவிட்டால் பெரிய உபகாரம். வண்டியிலிருந்தா, மாடியிலிருந்தா, தென்னை மரத்திலிருந்தா?

எலும்பு முறிவுக்கு வைத்த பிளேட்டை எடுக்க ஒரு வருஷம் கழித்து வந்து சேர்கிறவரின் ஃபைலிலும் ‘ஆர்.டி.ஏ.’ என்று எழுதியிருப்பார்கள். அது இசட்47.0. எலும்பு கோணலாகக் கூடியதற்காக வந்தால் பின்விளைவுக்கான ஒய்85.0 சேரும். இரண்டிலும் வி கோடு போடக்கூடாது. போட்டால் ஒரே விபத்து இரண்டு வருஷக் கணக்கிலும் ஏறிவிடும்.